மெந்துங் கிளம்பாத காலை

வார்சினிக்கு இருப்புக் கொள்ளவில்லை. முவாரா துறைமுகத்து நிறுத்தத்தில், மெந்துங்கின் இடப்பக்கப் பலகையில், நான்காவது இடம் அவளுடையது. அதில் அவள் உட்கார்ந்த நேரம் குறைவு. எழுந்து எட்டிப் பார்த்த நேரம்தான் அதிகம். மணிக்கூண்டில் ஒன்பதே முக்கால் ஆகியிருந்தது. இன்னும் மூன்று இடம் காலி.

மெந்துங்குக்கு இதெல்லாம் ஒரு கவலையா? யானை உடம்பும் பாம்புக் கழுத்தும் படகுப் பாய் அகலத்துக்கு இறக்கையுமாக அது பாட்டுக்குப் படுத்துக்கொண்டு, தரையில் கிடந்த கரும்புச் சக்கையைத் தும்பிக்கையால் புரட்டிக்கொண்டிருந்தது. லிமான்கள் எல்லாமே இப்படித்தான். பக்கத்துக்கு எட்டு, மொத்தம் பதினாறு பேர் உட்கார்ந்தால்தான் எழும்பும். ஒரு பக்கத்தில் ஓர் ஆள் குறைந்தாலும் கழுத்தைத் திருப்பி ஒரு பார்வை பார்த்துவிட்டு மறுபடி படுத்துவிடும். அதன் மேல் கோபப்பட்டு ஆகப்போவது ஒன்றுமில்லை. ஆனாலும் வார்சினி கோபப்பட்டாள்.

"சிகெடுங், சிகெடுங், மலைக்கு மூணு இடம்," என்று நடத்துனர் தர்முதி கூவினார். கூவினார் என்று சொல்வதே அதிகம். காப்பிக் கோப்பைக்குள் முணுமுணுத்தார் என்று சொல்லலாம்.

"காங், இப்படிக் கூவினா உங்க காதுக்கே கேக்காது. தொண்டையத் தொறந்து கூப்பிடுங்க."

"நீ வேணா கூவு யாயு. என் துண்டைத் தரேன், தோள்ல போட்டுக்க."

அண்ணன் காங், அக்கா யாயு, அந்தக் கரைப் பேச்சு அப்படி. அவர் கேலிக்குத்தான் சொன்னார். வார்சினி நிஜமாகவே இறங்கிப்போய்த் துண்டை வாங்கித் தோளில் போட்டுக்கொண்டு கூவ ஆரம்பித்துவிட்டாள். துறைமுகத்துச் சோற்றுக்கடையில் பதினோரு வருஷமாக ஆள் கூப்பிட்ட தொண்டை அது. மீன் ஏலம் போட்டுக்கொண்டிருந்தவர்கள்கூட ஒரு நொடி நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தார்கள்.

ஐந்தாவது இடத்தில் உட்கார்ந்திருந்த ரஸ்மி சிரித்தாள். வார்சினி கூப்பிடும் ஆட்களுக்கு அந்தக் கடையில் சமைத்துப் போடுகிறவள். அவளுக்குத்தான் இன்று கல்யாணம். நாற்பத்தொரு வயது, கணவன் போய் ஒன்பது வருஷம். பச்சைக் கெபாயா போட்டுக்கொண்டு, தலைக்குக் குளித்த கூந்தலை ஒப்புக்கு முடிந்துகொண்டு, தெருமுனைக்குப் போகிறவள் மாதிரி உட்கார்ந்திருந்தாள். கல்யாணப் பெண்ணுக்கு இல்லாத பதற்றம் துணைக்கு வந்தவளுக்கு ஏன் என்று பலகையில் இருந்தவர்கள் எல்லாருக்குமே சந்தேகம்தான்.

"வார், வந்து உக்காருடி. நீ கத்துற கத்துல மெந்துங்குக்கே காது அடைச்சிடும்."

"பெடுக் அடிக்கிறதுக்குள்ள போய்ச் சேரணும் ரஸ்மி."

"சேருவோம்."

நண்பகல் பெடுக் முரசு அடிக்கும் முன்பு ரஸ்மி சிகெடுங்கில் மாப்பிள்ளை துல்ஹாதியின் முற்றத்தில் கால் வைத்தாக வேண்டும். நிக்காஹ் எழுதும் பெங்குலு அந்த மலைக்கு மாதத்துக்கு ஒரு தடவைதான் வருவார், முரசு அடித்ததும் கிளம்பிவிடுவார். நாளை மறுநாள் சுரோ மாதம் பிறக்கிறது, சுரோவில் எந்த வீட்டிலும் கல்யாணம் கிடையாது. அதுகூடப் பரவாயில்லை, காத்திருக்கலாம். காத்திருக்க முடியாதது சீப்பு.

ஆண் நேராக வந்து கேட்கிற வழக்கம் அங்கே இல்லை. எருமைக்கொம்புச் சீப்பு ஒன்றை மூன்றாம் ஆள் கையில் கொடுத்து அனுப்புவான். பெண் வைத்துக்கொண்டால் சம்மதம், திரும்பி வந்தால் இல்லை. குறித்த வேளைக்குள் அந்தச் சீப்போடு அவள் அவன் வாசலுக்குப் போகாவிட்டாலும் திருப்பிக் கொடுத்ததாகத்தான் அர்த்தம். ஒரே பெண்ணுக்கு இரண்டு தடவைதான் சீப்பு அனுப்பலாம். மூன்றாவது தடவை அனுப்பினால் அவனை ஊரே மானங்கெட்டவன் என்று சொல்லும்.

ரஸ்மி இடுப்பிலிருந்து சீப்பை எடுத்து வெயிலில் காட்டினாள். நடுவில் ஒரு பல் உடைந்திருந்தது.

"பாரேன் இவரை. தேயிலைத் தோட்டம் இருக்கு, ரெண்டு குதிரை இருக்கு, பல்லு போன சீப்பை அனுப்பியிருக்காரு. கஞ்சப்பயதான் எனக்கு வாய்க்கணுமா?"

காலையிலிருந்து இதை மூன்றாவது தடவையாகச் சொல்கிறாள். ஒவ்வொரு தடவையும் வார்சினி அந்த உடைந்த பல்லைப் பார்க்காமல் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். "உள்ள வைடி, விழுந்திடப்போவுது," என்றாள்.

பத்து மணிக்கு இரண்டு கருவாட்டுக்காரிகள் கூடையோடு வந்தார்கள். அவர்கள் பின்னாலேயே கண்ணாடி போட்ட பள்ளி ஆசிரியர் ஒருவர் வந்தார். வார்சினி துண்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டு ஏறி உட்கார்ந்தாள், பதினாறும் நிறைந்தது. தர்முதி கோப்பையைக் கவிழ்த்து வைத்துவிட்டு எழுந்து, ஒவ்வொருவரிடமும் கேட்டுக்கொண்டே வந்தார்.

"மனசுல கசடு உண்டா?"

"இல்ல. உள்ளும் சுத்தம், வெளியும் சுத்தம்."

சொல்லிவிட்டு உள்ளங்கையை நீட்ட வேண்டும். மெந்துங் கழுத்தை வளைத்துத் தும்பிக்கை நுனியால் ஒரு தடவை முகர்ந்து பார்க்கும். இதை ஏதோ பெரிய சத்தியம் என்று நினைத்துவிட வேண்டாம், கொட்டாவி விட்டுக்கொண்டே சொல்லுவார்கள். ஆனால் ஒருவர் மேல் ஒருவர் கசப்பை வைத்துக்கொண்டு இரண்டு பேர் ஏறினால் லிமான் எழும்பாது என்பது அந்தக் கரையில் பிறந்த எல்லாருக்கும் தெரியும். எந்தக் காலத்திலோ பாகப்பிரிவினைச் சண்டையோடு ஏறிய அண்ணன் தம்பியை ஒரு லிமான் கடலில் உதறிவிட்டதாம். பார்த்தவர் யாருமில்லை. நம்பாதவரும் யாருமில்லை.

வார்சினியும் சொன்னாள், கையை நீட்டினாள். தும்பிக்கை அவள் உள்ளங்கையில் மற்றவர்களிடம் நின்றதைவிடக் கொஞ்சம் அதிக நேரம் நின்ற மாதிரி இருந்தது. சும்மா பிரமை என்று தன்னையே திட்டிக்கொண்டாள்.

கழுத்தின் மேல் உட்கார்ந்திருந்த பாகன் சுராத் இரண்டு தட்டுத் தட்டினார். அவர் அதிகம் பேசாத மனிதர். மெந்துங் எழவில்லை. மறுபடி தட்டினார். காது ஆடியது, அவ்வளவுதான்.

"போச்சு," என்றார் தர்முதி. "யாருப்பா அது?"

பதினாறு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மணி பத்தேகால். மலைக்கு ஒன்றேகால் மணி நேரப் பயணம். வார்சினி விரலை மடக்கிக் கணக்குப் பார்த்தாள். பத்தே முக்காலுக்குள் கிளம்பினால்தான் உண்டு.

"யாரா இருந்தாலும் சீக்கிரம் சொல்லித் தொலைங்க, நேரமாகுது," என்று முதலில் கத்தியவளும் அவள்தான். எப்படிக் கத்த வாய் வந்தது என்று பிற்பாடு அவளுக்கே ஆச்சரியம்.

கருவாட்டுக்காரிகளில் மூத்தவள் தொண்டையைக் கனைத்தாள். "சரி, சொல்லிடறேன். சந்தையில இவ இடத்துல போன வாரம் தண்ணி கொட்டினது நான்தான்."

"எனக்குத் தெரியும்," என்றாள் மற்றவள். "உன் தராசை வளைச்சது நான்."

"அடிப்பாவி. அதான் ஒரு வாரமா எல்லாரும் என்னைத் திட்டிட்டுப் போனாங்களா?"

இருவரும் கையைப் பிடித்துக்கொண்டு, உள்ளும் வெளியும் மன்னிச்சாச்சு என்று ஒரே குரலில் சொன்னார்கள். சுராத் தட்டினார். மெந்துங் அசையவில்லை.

வலப்பக்கத்தில் இருந்த ஒரு கணவன், மனைவியின் அக்கா கொடுத்த கைத்தடியைத் தொலைக்கவில்லை, விற்றுவிட்டேன் என்று ஒப்புக்கொண்டான். மனைவி அவன் தொடையில் ஒரு கிள்ளுக் கிள்ளி மன்னித்தாள். அதற்கும் அசையவில்லை. பள்ளி ஆசிரியர் எழுந்து நின்று, தான் இந்த வண்டியில் யாரையும் அறியாதவர், ஆனாலும் பக்கத்தில் இருப்பவர் முழங்கை தன் விலாவில் இடிப்பதால் சற்றே கோபமாக இருந்ததாகவும் அதை இப்போதே விட்டுவிட்டதாகவும் அறிவித்தார். முழங்கைக்காரர் கையைச் சுருக்கிக்கொண்டார். மெந்துங்குக்கு அதுவும் போதவில்லை.

பத்து இருபத்தைந்து.

"இன்னும் இருக்கு," என்றார் தர்முதி. இப்போது அவர் குரலில் விளையாட்டு இல்லை. பலகை ஓரமாக நடந்துகொண்டே ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். "பெருசா ஏதோ ஒண்ணு இருக்கு. சில்லறைக்கெல்லாம் இது இப்படிப் படுக்காது. எனக்குத் தெரியும், இருபது வருஷமா பாக்கறேன்."

வார்சினியின் கால் தானாக ஆடியது. கையைப் பிசைந்தாள். மணிக்கூண்டைப் பார்த்தாள், ரஸ்மியைப் பார்த்தாள், மறுபடி மணிக்கூண்டைப் பார்த்தாள். சொல்லாவிட்டால் ரஸ்மி போய்ச் சேர மாட்டாள். இரண்டாவது சீப்பும் திரும்பியதாக ஆகும். ஒரு தடவை செய்த பாவம் போதாதென்று அதையே இன்னொரு தடவை செய்தவளாக ஆவாள். சொன்னால்? சொன்னால் என்ன ஆகும் என்பதை அவள் மூன்று வருஷமாக நினைத்துப் பார்க்காமலே காலம் தள்ளியவள். அந்த வித்தையில் அவளை மிஞ்ச ஆள் கிடையாது.

தர்முதி தன் முன்னால் வந்து நிற்கும்வரைகூட அவள் காத்திருக்கவில்லை.

"நான்தான்," என்றாள்.

"என்ன நீதான்?" என்றாள் ரஸ்மி.

"அந்தச் சீப்பு. அது உனக்கு முதல் தடவையா வரல ரஸ்மி. முன்னாடியே ஒரு தடவை வந்திச்சு."

"எப்ப?"

"மூணு வருஷம் ஆச்சு. உனக்குக் காய்ச்சல் வந்து நீ கடைக்கு வராம இருந்தியே, அந்த வியாழக்கிழமை. அவரு வழக்கம்போல நம்ம கடையில சாப்பிட்டுக் கை கழுவிட்டு என்கிட்ட குடுத்தாரு. உன்கிட்ட காட்டச் சொன்னாரு."

ரஸ்மி இடுப்பிலிருந்து சீப்பை வெளியே எடுத்தாள்.

"நான் காட்டல. அடுத்த வியாழக்கிழமை திருப்பிக் குடுத்துட்டேன். அவளுக்கு இஷ்டமில்லன்னு சொன்னேன். குடுக்கும்போது கை தவறி அடுப்புக் கல்லுல விழுந்திடுச்சு. பல்லு அப்ப உடைஞ்சதுதான். அவரு கஞ்சன் இல்ல. அதே சீப்பைத்தான் மறுபடி அனுப்பியிருக்காரு."

கருவாட்டுக்காரி ஒருத்தி "அல்லா" என்று முணுமுணுத்தாள்.

"ஏன்?" என்றாள் ரஸ்மி.

"கடைக்காகன்னு சொல்லலாம். எனக்குச் சம்பல் அரைக்கத் தெரியாதுன்னு ஊருக்கே தெரியும். ஆனா அது இல்ல. சாயங்காலம் கடையை மூடினப்புறம் நான் யார்கூடப் பேசுவேன்னு நினைச்சேன். அவ்வளவுதான். வேற ஒண்ணுமில்ல."

ரஸ்மி சீப்பையே பார்த்துக்கொண்டிருந்தாள். உடைந்த இடத்தில் கட்டைவிரலை வைத்துத் தடவினாள்.

"மூணு மாசம் ஒவ்வொரு வியாழக்கிழமையும் அந்த மனுஷனுக்கு மீன் தலை எடுத்து வச்சேன். ஏன் வரலன்னு உன்கிட்டதான் கேட்டேன். வேற கடையில குழம்பு நல்லா இருக்கும்போலன்னு சொன்ன."

"சொன்னேன்."

"நான் புளியை மாத்திப் பாத்தேன். மஞ்சளை மாத்திப் பாத்தேன்."

"ஆமா."

"அந்தத் தலையெல்லாம் யாரு தின்னா?"

"நான்தான் தின்னேன்," என்றாள் வார்சினி.

அந்த நேரம் பார்த்துத்தான் பள்ளி ஆசிரியர் பலகையிலிருந்து குனிந்து, "மன்னிக்கணும், இதோட தும்பிக்கை எங்க?" என்று கேட்டார்.

எல்லாரும் குனிந்தார்கள். மெந்துங்கின் வயிற்றோரம், பலகைக்கு அடியில் மூட்டை முடிச்சுகளுக்கான வலை தொங்கும். தும்பிக்கை அந்த வலைக்குள் அடிவரை நுழைந்திருந்தது. தர்முதி மண்டியிட்டுத் தவழ்ந்துபோய்ப் பார்த்தார். உள்ளேயிருந்து அவர் சிரிப்புச் சத்தம் வந்தது. பிறகு வெற்றுக் கூடை ஒன்றை வெளியே இழுத்துப் போட்டார்.

கல்யாண வீட்டுக்கென்று வார்சினி இரண்டு நாள் புளிக்கவைத்து, ஜம்பு இலையில் மடித்த ஒட்டரிசித் தப்பே. நாற்பது பொட்டலம். ஏறும் அவசரத்தில் கூடையைப் பின்பக்கம் கட்டாமல் தும்பிக்கைப் பக்கத்திலேயே கட்டியவள் அவள்தான். மெந்துங் ஒவ்வொரு பொட்டலமாகப் பிரித்து, தின்றுவிட்டு, இலையை ஒழுங்காக ஒரு பக்கம் குவித்து வைத்திருந்தது. கசடாவது ஒன்றாவது. அது பலகாரம் சாப்பிட்டுக்கொண்டிருந்தது. சாப்பிடும்போது யார்தான் எழுந்திருப்பார்கள்?

"அடக் கழுதை," என்றான் கைத்தடி விற்ற கணவன். "நான் சொல்லாமலே இருந்திருக்கலாம்."

பலகையே சிரித்தது. கருவாட்டுக்காரிகள் ஒருவர் மேல் ஒருவர் சாய்ந்து சிரித்தார்கள். ரஸ்மி சிரிக்கவில்லை. வார்சினி வாயைக் கொடுத்துவிட்டுக் கூடையையே பார்த்துக்கொண்டிருந்தாள். இன்னும் ஒரே ஒரு நிமிஷம் வாயை மூடிக்கொண்டிருந்தால் போதுமாயிருந்தது. அந்த நினைப்பு வந்ததற்காகவும் அவளுக்கு அவமானமாக இருந்தது.

மெந்துங் கடைசி இலையையும் நக்கிவிட்டுத் தானாகவே எழுந்து நின்றது. இறக்கையை ஒரு தடவை உதறிக்கொண்டது.

"கிளம்பலாமா, வேண்டாமா?" என்றார் சுராத் கழுத்தின் மேலிருந்து. அன்று அவர் பேசிய முதல் வார்த்தை.

தர்முதி முழங்காலைத் தட்டிவிட்டுக்கொண்டார். "யாயு, தப்பா நினைக்கக் கூடாது. தெரியாம இருந்தப்ப இருந்துச்சு. இப்ப நான் காதால கேட்டுட்டேன். ரெண்டு பேரையும் ஒண்ணா ஏத்திட்டுப் போக முடியாது. பதினாறு உசுரு. இங்கயே மன்னிச்சாச்சுன்னு சொல்லுங்க, இல்ல ஒருத்தர் இறங்குங்க."

"மன்னிச்சுடும்மா, நல்ல நாளும் அதுவுமா," என்றாள் மூத்த கருவாட்டுக்காரி.

"மன்னிக்க எனக்கு நேரமில்ல," என்றாள் ரஸ்மி. கோபத்தில் அவள் குரல் தாழ்ந்துதான் போகும். "மணி பத்து முப்பத்தஞ்சு. மூணு வருஷத்தை அஞ்சு நிமிஷத்துல எப்படி மன்னிக்கிறதாம்? வாயால சொல்லிட்டு நடுவானத்துல இது என்னை உதறிட்டா யாரு பதில் சொல்றது?"

அவள் சொல்லி முடிப்பதற்குள் வார்சினி இடுப்புக் கயிற்றை அவிழ்த்துவிட்டாள். "நான் இறங்கறேன். நீ போ."

இறங்கினால் மட்டும் போதுமா? இடப்பக்கம் ஏழாகிவிட்டது. மெந்துங் கழுத்தைத் திருப்பி அந்தப் பழைய பார்வையைப் பார்த்தது. வார்சினி ஓடினாள். அடுத்த லிமானுக்காகக் கக்கத்தில் சேவலோடு வேலி ஓரம் காத்திருந்த ஒரு தடித்த மனிதரின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தாள்.

"என்னம்மா, நான் அடுத்ததுலதான்..."

"இப்பவே போங்க. என்னத்துக்கு வெயில்ல நிக்கறீங்க?"

தர்முதி அவரிடமும் கேட்டார். "மனசுல கசடு உண்டா?"

"உண்டு. மாமியார் மேல."

"அவங்க இதுல ஏறியிருக்காங்களா?"

"இல்ல, வீட்ல இருக்காங்க."

"அப்ப ஏறு."

நான்காவது இடத்தில் சேவல்காரர் உட்கார்ந்தார். மெந்துங் பத்தடி ஓடி, துறைமுகத்துப் புழுதியையெல்லாம் கிளப்பிவிட்டு எழும்பியது. வார்சினி கண்ணைத் துடைத்துக்கொண்டு அண்ணாந்து பார்த்தாள். ரஸ்மி கீழே பார்க்கவில்லை. அவள் முடிச்சு மட்டும் காற்றில் அவிழ்ந்து கூந்தல் பறந்தது.

அப்போதுதான் வார்சினி தன் இடுப்பைத் தொட்டுப் பார்த்தாள். கொண்டை ஊசிப் பெட்டியும் மல்லிகைச் சரமும் அவளிடமே இருந்தன. கல்யாணப் பெண்ணுக்கு மாப்பிள்ளை வீட்டு முற்றத்தில், அவன் அனுப்பிய சீப்பால், தோழிதான் தலை வாரிக் கொண்டை போட வேண்டும். அதற்காகத்தான் அவளே துணைக்கு வந்தது.

அடுத்த லிமான் குனிங். மஞ்சள் செதிள், வயசான உடம்பு, மெந்துங்கைவிடச் சோம்பேறி. அதில் நான்கு பேர்தான் உட்கார்ந்திருந்தார்கள். வார்சினி கேட்காமலே நடத்துனரின் துண்டைப் பிடுங்கித் தோளில் போட்டுக்கொண்டாள். "சிகெடுங், சிகெடுங்," என்று அவள் கூவியதில் மலையில் வேலையே இல்லாத இரண்டு பேர்கூட ஏறிவிட்டார்கள். நடுநடுவே மெந்துங் போன திசையைப் பார்த்துக்கொண்டாள். தப்பே புளித்தால் போதை ஏறும், அதைத் தின்ற மிருகம். நாற்பது பொட்டலம் அவ்வளவு பெரிய உடம்புக்கு எம்மாத்திரம் என்று தனக்கே சொல்லிக்கொண்டாள். மனசு கேட்கவில்லை.

பதினொன்றரைக்குக் குனிங் எழும்பியது. நடத்துனர் கசடு கேட்டபோது அவள் "இருக்கு, ஆள் இங்க இல்ல," என்றாள். அவன் அதோடு விட்டான். வயல்களைத் தாண்டி, ஆற்றைத் தாண்டி, முதல் மலைச்சரிவுக்கு மேலே பறந்துகொண்டிருந்தபோது கீழே ஒரு கிராமத்தில் பெடுக் அடித்தது. அது முடியும் முன்பே அடுத்த கிராமத்தில் அடித்தது, பிறகு அதற்கடுத்த கிராமத்தில். ஒவ்வொரு அடியும் அவள் நெஞ்சில் விழுந்தது. பெங்குலு இப்போது காகிதத்தை மடித்துக் கிளம்பிக்கொண்டிருப்பார். ரஸ்மி உள்ளே இருந்தாளா, வாசலுக்கு வெளியே நின்றாளா? பலகையிலிருந்து குதித்துப் போனாலும் தெரியப்போவதில்லை.

மலை நிறுத்தத்திலிருந்து துல்ஹாதி வீடு வரை அவள் நடக்கவில்லை, ஓடினாள். முற்றத்தில் பாய் விரித்து ஆட்கள் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். சாப்பாடு கல்யாணச் சாப்பாடா, வந்தவர்களை வெறும் வயிற்றோடு அனுப்பக் கூடாதென்று போட்ட சாப்பாடா என்று அவளுக்குப் புரியவில்லை. வாசலில் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்த ஒரு பெண்ணின் கையைப் பிடித்தாள்.

"ஆச்சா?"

"எது, நிக்காஹ்வா? ஆச்சே. முரசு அடிக்கக் கட்டையைத் தூக்கிட்டாங்க, அப்பத்தான் பொண்ணு மூச்சு வாங்க வந்து நின்னா. ஆனா பாவம், தலைவிரி கோலம். நான் வாரி விடறேன்னேன், எங்க அத்தை வாரி விடறேன்னாங்க. யாரையும் கை வைக்க விடல. கொண்டையை அப்புறம் போட்டுக்கறேன், எழுதுங்கன்னுட்டா."

வார்சினிக்கு அப்படியே படியில் உட்கார்ந்துவிடலாம்போல இருந்தது. உட்காரவில்லை.

ரஸ்மி வீட்டின் பின்பக்கம், கிணற்றடியில், ஒரு மணையில் தனியாக உட்கார்ந்திருந்தாள். கூந்தலைச் சுருட்டி நடுவில் ஒரு பென்சிலைக் குத்தியிருந்தாள். பள்ளி ஆசிரியருடையதாக இருக்க வேண்டும். வார்சினியைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டு முதுகைக் காட்டினாள். பிறகு பென்சிலை உருவினாள். கூந்தல் சரிந்து விழுந்தது. தோளுக்கு மேலாகச் சீப்பைப் பின்னால் நீட்டினாள்.

வார்சினி வாங்கிக்கொண்டு வார ஆரம்பித்தாள். காற்றில் பறந்து சிக்குப் பிடித்த தலை. பல் உடைந்த இடத்தில் ஒவ்வொரு தடவையும் இரண்டு மயிர் மாட்டியது.

"வலிக்குது," என்றாள் ரஸ்மி.

"பல்லு இல்ல அங்க."

"தெரியும்."

வார்சினி ஒரு சிக்கை விரலால் பிரித்துவிட்டு மறுபடி வாரினாள்.

"அவர்கிட்ட கேட்டேன்," என்றாள் ரஸ்மி. "திரும்பி வந்த சீப்பை ஏன் மறுபடி அனுப்பினீங்கன்னு. நீ சொன்ன விதத்துல ஏதோ சரியில்லன்னு அன்னிக்கே தோணிச்சாம். தோணினதை நம்புறதுக்கு மூணு வருஷம் ஆச்சாம். அவரும் ஒரு மந்தம். எனக்குன்னு வந்து சேருறீங்களே எல்லாரும்."

வார்சினி அழுதுகொண்டே வாரினாள். அழுகை வந்தாலும் அவள் கை நிற்கவில்லை, கொண்டையைச் சுருட்டி முதல் ஊசியைக் குத்தினாள்.

"மூணு வருஷம்டி வார்."

"ஆமா."

"அதே மூணு வருஷம் உன்கூடப் பேச மாட்டேன்."

"சரி."

"சும்மா சொல்றேன்னு நினைக்காத. நாள் எண்ணிக்கிட்டு இருப்பேன். நீ வந்தா சோறு போடுவேன், மூஞ்சியப் பாக்க மாட்டேன்."

"சரி ரஸ்மி."

"இன்னிக்குச் சாயங்காலத்துலேருந்து." ரஸ்மி மூக்கை உறிஞ்சினாள். "நீ கீழ போற லிமான் எத்தனை மணிக்கு?"

"நாலரைக்கு."

"அப்ப இன்னும் மூணு மணி நேரம் இருக்கு. பூவை இடப்பக்கமா வை. ஊசி குத்துது."

அந்த மூன்று மணி நேரமும் அவர்கள் வாய் மூடவில்லை. சம்பலுக்கு எவ்வளவு மிளகாய், எவ்வளவு தெராசி இறால் விழுது, எந்த ஊர்ப் புளி, கடன் கேட்கும் மாலுமிகளை எப்படி விரட்டுவது, கடைக் கூரையில் எந்தப் பலகை ஒழுகும் என்று ரஸ்மி ஒன்று விடாமல் சொன்னாள். நடுவில் துல்ஹாதி கையில் தட்டோடு வந்து நின்றார். நரைத்த மீசை, கூச்ச சுபாவம். யாருக்கு எதைப் போடுவதென்று தெரியாமல் முழித்தார்.

"அவளுக்கு மீன் தலையை வைங்க," என்றாள் ரஸ்மி. "அவளுக்குத் தலைதான் பிடிக்கும்."

வார்சினி அதை முழுசாகச் சாப்பிட்டாள்.

நாலரைக்குக் கீழே போக நின்றது மெந்துங்தான். பலகை கிட்டத்தட்ட நிறைந்திருந்தது. ரஸ்மி நிறுத்தம் வரைக்கும் கூடவே வந்தாள், கொண்டையில் மல்லிகையோடு. வார்சினி பலகையில் கால் வைத்ததும் அவள் பேச்சை நடுவிலேயே நிறுத்தினாள். உருளியை மூடி வை என்று சொல்ல வந்தவள் உருளியோடு நிறுத்திவிட்டாள். பிறகு வாயே திறக்கவில்லை. ஆனால் போகவும் இல்லை, வேலி ஓரமாக நின்றுகொண்டிருந்தாள்.

தர்முதி கேட்டுக்கொண்டே வந்தார்.

"மனசுல கசடு உண்டா யாயு?"

"உண்டு. எனக்கு இல்ல, என் மேல ஒருத்திக்கு. மூணு வருஷத்துக்கு."

தர்முதி வேலிப் பக்கம் ஒரு பார்வை பார்த்தார். "அவ ஏறுறாளா?"

"இல்ல. அவ வீடு இனிமே இங்கதான்."

"அப்ப ஏறு," என்றார்.

வார்சினி உட்கார்ந்து கையை நீட்டினாள். மெந்துங் முகர்ந்தது. உள்ளங்கையை விட்டுவிட்டு அவள் இடுப்பு, மடி, முந்தானை என்று துழாவியது. தப்பே இன்னும் கிடைக்குமா என்று பார்த்திருக்கும். இல்லையென்று தெரிந்ததும் எழுந்து நின்றது. காலையில் அவ்வளவு பாடு படுத்தியது, இப்போது முதல் தட்டிலேயே கிளம்பிவிட்டது. இன்னும் கொஞ்ச நேரம் படுத்திருக்கக் கூடாதா என்று வார்சினி நினைத்தாள்.